நிலத் தாவாவில் இடைக்கால உத்தரவு: மேல்கோர்ட்டு எதைப் பார்க்கும்?



மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் கடை வைத்துப் பிழைக்கும் நம்மவர்களில் பலருக்கு ஊரில் ஏதேனும் ஒரு சொத்து இருக்கிறது. சிலருக்கு வாப்பா காலத்து வீடு, சிலருக்குத் தென்னந்தோப்பு, சிலருக்கு இங்கே வயிற்றைக் கட்டிச் சேர்த்த பணத்தில் வாங்கிப் போட்ட மனை. சொத்து அங்கே இருக்கிறது, நாம் இங்கே இருக்கிறோம். ஆகையால் அந்தச் சொத்தின்மேல் தாவா வரும்போது, செய்தி நம் காதுக்கு எட்டுமுன் கோர்ட்டில் ஓர் உத்தரவு ஆகிவிடுவதும் உண்டு.

அப்போது நம்மில் பலர் சொல்லும் வார்த்தை ஒன்றுதான். "கீழ்க்கோர்ட்டில் போனால் போகட்டும், ஹைக்கோர்ட்டில் பார்த்துக் கொள்வோம்" என்கிறார்கள். இந்த எண்ணம் தவறு என்பதையும், ஏன் தவறு என்பதையும் எடுத்துச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம். இதை எழுதுகிறவன் வக்கீல் அல்லன், கடைக்காரன். வக்கீலின் யோசனைக்குப் பதிலாக இதைக் கொள்ள வேண்டாம். வக்கீலிடம் போகும்போது என்ன கேட்க வேண்டும் என்று தெரிந்து கொள்வதற்காகப் படியுங்கள்.

1. இடைக்கால உத்தரவு என்பது என்ன?

நிலத்தைப் பற்றிய தாவா முடிய வருஷங்கள் ஆகும். சாட்சி விசாரணை, பத்திர விசாரணை, வாதம், தீர்ப்பு என்று அது நீண்டுகொண்டே போகும். அதற்குள் ஒருவர் அந்த மனையில் கட்டடம் எழுப்பிவிட்டால், அல்லது தோப்பை வெட்டிவிட்டால், அல்லது மூன்றாம் ஆளுக்குக் கிரயம் செய்து கொடுத்துவிட்டால், கடைசியில் ஜெயித்தவருக்குக் காகிதம்தான் மிஞ்சும். அப்படி ஆகாமல் சொத்தைக் காப்பாற்றி வைப்பதற்காகக் கோர்ட்டு இடையிலே போடும் உத்தரவுதான் இடைக்கால உத்தரவு. இந்தியாவில் 1908-ம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டத்தின் 39-வது ஆர்டரில் இதற்கான விதிகள் உள்ளன.

இது பெரும்பாலும் இரண்டு வகையாக வரும். "இன்னார் நிலத்தில் நுழையக் கூடாது, விற்கக் கூடாது, கட்டக் கூடாது" என்பது தடையுத்தரவு. "இன்றைக்கு எப்படி இருக்கிறதோ அப்படியே இருக்கட்டும்" என்பது நிலைகாப்பு உத்தரவு. இரண்டுமே நிலம் யாருக்குச் சொந்தம் என்று தீர்ப்புச் சொல்வதில்லை. இடைக்கால உத்தரவு கிடைத்தவர் தாவாவில் தோற்பதும் உண்டு, கிடைக்காதவர் ஜெயிப்பதும் உண்டு.

தடையுத்தரவே இல்லாவிட்டாலும் ஒரு பாதுகாப்பு இருக்கிறது. 1882-ம் வருஷத்துச் சொத்து மாற்றச் சட்டத்தின் 52-வது பிரிவின்படி, தாவா நடக்கும்போது அந்தச் சொத்தை வாங்குகிறவர் அந்தத் தாவாவின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர். ஆயினும் வாங்கியவர் வீடு கட்டிக் குடியேறிவிட்டால் அவரை வெளியேற்றுவதற்கு நாம் எத்தனை வருஷம் நடக்க வேண்டும் என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டும்.

2. கோர்ட்டு கேட்கும் மூன்று கேள்விகள்

இடைக்கால உத்தரவு கேட்டு மனுப் போட்டால் கோர்ட்டு மூன்று விஷயங்களைப் பார்க்கும்.

முதலாவது, மனுதாரருக்குப் பூர்வாங்கமான முகாந்திரம் இருக்கிறதா? அதாவது, விசாரிக்கத் தகுந்த நியாயம் அவர் காட்டும் பத்திரங்களிலிருந்து தெரிகிறதா? இரண்டாவது, உத்தரவு கொடுத்தால் எதிரிக்கு வரும் சிரமம் அதிகமா, கொடுக்காவிட்டால் மனுதாரருக்கு வரும் சிரமம் அதிகமா? மூன்றாவது, உத்தரவு கொடுக்காவிட்டால் பணத்தால் ஈடு செய்ய முடியாத நஷ்டம் மனுதாரருக்கு வருமா?

தல்பத் குமார் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இம்மூன்றையும் விளக்கிச் சொல்லியிருக்கிறது. மூன்றும் சேர்ந்து இருக்க வேண்டும். பத்திரம் பலமாக இருந்தும் நஷ்டம் பணத்தால் தீரக் கூடியதானால் உத்தரவு கிடைக்காமல் போகலாம்.

இவற்றோடு மனுதாரரின் நடத்தையையும் கோர்ட்டு பார்க்கும். நேர்மையோடு வராதவருக்கு இந்த உத்தரவைக் கேட்கும் தகுதி இல்லை. இது கோர்ட்டு தன் விவேகத்தைக் கொண்டு கொடுப்பது, கேட்டவருக்கெல்லாம் உரிமையாகக் கிடைப்பது அல்ல. மேல்கோர்ட்டு விஷயத்தைப் புரிந்து கொள்வதற்கு இதை மனதில் வைத்துக் கொள்ள வேண்டும்.

3. எதிர்த்தரப்பைக் கேட்காமல் ஆகும் உத்தரவு

அவசரமானால் எதிரிக்கு நோட்டீசு இல்லாமலே கோர்ட்டு உத்தரவு போடலாம். கடல் கடந்து இருக்கும் நம்மவர்களுக்கு அதிகம் தொல்லை கொடுப்பது இதுவே. ஆனால் இதற்குச் சட்டம் சில கட்டுகளைப் போட்டிருக்கிறது.

நோட்டீசு கொடுத்துக் காத்திருந்தால் காரியம் கெட்டுவிடும் என்பதற்கான காரணத்தைக் கோர்ட்டு எழுத்தில் பதிய வேண்டும். உத்தரவு பெற்றவர் மனு, அபிடவிட், பிராது, ஆதாரப் பத்திரங்கள் ஆகியவற்றின் நகல்களை எதிரிக்கு உடனே கொடுக்கவோ ரிஜிஸ்தர் தபாலில் அனுப்பவோ வேண்டும். அப்படிச் செய்ததாக அன்றைக்கே அல்லது மறுநாளே கோர்ட்டில் அபிடவிட் தாக்கல் செய்ய வேண்டும். அந்த மனுவை முப்பது நாளுக்குள் விசாரித்து முடிக்கக் கோர்ட்டு முயல வேண்டும். முடியாவிட்டால் ஏன் முடியவில்லை என்று பதிய வேண்டும்.

முப்பது நாள் கடந்தும் கோர்ட்டு மனுவை விசாரித்து முடிக்கவில்லை என்றால் என்ன செய்வது? 2000-ம் வருஷத்தில் வெங்கடசுப்பையா நாயுடு – செல்லப்பன் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இதற்குப் பதில் சொல்லியிருக்கிறது. எதிர்த்தரப்பைக் கேட்காமல் ஆன உத்தரவால் பாதிக்கப்பட்டவருக்கு இரண்டு வழிகள் உண்டு. உத்தரவு போட்ட அதே கோர்ட்டில் அதை ரத்து செய்யும்படி மனுப் போடலாம், அல்லது அப்பீல் செய்யலாம். முப்பது நாள் விதியைக் கோர்ட்டு கவனியாமல் விட்டிருந்தால், அப்பீல் கோர்ட்டு அந்த அப்பீலை ஏற்றுக் கொண்டு, அந்தக் குறையையும் கணக்கில் எடுக்க வேண்டும். இவ்விரு வழிகளும் திறந்திருக்கும்போது நேராக ஹைக்கோர்ட்டுக்கு ஓடுவது முறையல்ல என்பதும் அத்தீர்ப்பின் சாரம்.

இன்னொன்றும் உண்டு. பொய்யான அல்லது ஏமாற்றும் தகவலைத் தெரிந்தே கொடுத்து, நோட்டீசு இல்லாமல் உத்தரவு வாங்கியிருந்தால் கோர்ட்டு அதை ரத்து செய்ய வேண்டும் என்று 39-வது ஆர்டரின் 4-வது விதி சொல்கிறது. போதிய காரணமில்லாமல் தடையுத்தரவு வாங்கி எதிரியை நஷ்டப்படுத்தியவரிடம் 50,000 ரூபாய் வரை ஈடு வாங்கித் தரவும் 95-வது பிரிவு இடம் கொடுக்கிறது.

4. மேலே போகும் படிகள்

முன்சீப் கோர்ட்டு இடைக்காலத் தடை கொடுத்தாலும் மறுத்தாலும் அதன்மேல் அப்பீல் உண்டு. அது சப் கோர்ட்டுக்கோ ஜில்லா கோர்ட்டுக்கோ போகும். இதற்குக் கெடு முப்பது நாள். முதல் உத்தரவே ஹைக்கோர்ட்டுக்கு அப்பீலாகப் போகத் தக்கதானால் தொண்ணூறு நாள். உத்தரவின் நகல் வாங்கப் பிடிக்கும் நாட்கள் இதில் கழிக்கப்படும்.

அந்த அப்பீலில் ஆன உத்தரவின்மேல் இரண்டாம் அப்பீல் கிடையாது. 104-வது பிரிவு அதைத் தெளிவாகத் தடுத்திருக்கிறது. முன்காலத்தில் இதற்குப் பிறகு ரிவிஷன் என்று ஹைக்கோர்ட்டுக்குப் போவார்கள். 2002 ஜூலை முதல் தேதி அமுலுக்கு வந்த திருத்தத்துக்குப் பிறகு அந்த வழி மிகவும் குறுகிப் போயிற்று. ரிவிஷன் போடுகிறவர் கேட்டபடி உத்தரவு ஆகியிருந்தால் தாவாவே முடிந்திருக்கும் என்ற இடத்தில் மட்டும்தான் ரிவிஷன் செல்லும். இடைக்கால உத்தரவு தாவாவை முடிப்பதில்லை என்பதால், அதற்கு அந்த வழி பெரும்பாலும் உதவாது.

மிச்சமிருப்பது இந்திய அரசியல் சாசனத்தின் 227-வது ஷரத்து. கீழ்க்கோர்ட்டுகளை மேற்பார்வை செய்ய ஹைக்கோர்ட்டுக்கு இருக்கும் அதிகாரம் அது. சிவில் கோர்ட்டு உத்தரவின்மேல் 226-வது ஷரத்தின்படி ரிட் போட முடியாது என்று 2015-ல் ராதேஷ்யாம் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு தீர்த்துச் சொல்லிவிட்டது. ஆகவே "ரிட் போட்டு உடைத்துவிடலாம்" என்று ஊரில் யாராவது சொன்னால் எந்த ஷரத்தின்படி என்று கேளுங்கள்.

ராமநாதபுரம், சிவகங்கை, புதுக்கோட்டை, தஞ்சாவூர், திருநெல்வேலி முதலான ஜில்லாக்காரர்கள் 2004 ஜூலையிலிருந்து ஹைக்கோர்ட்டின் மதுரைக் கிளைக்குப் போக வேண்டும். நாகப்பட்டினம், திருவாரூர் ஜில்லாக்காரர்கள் சென்னைக்கே போக வேண்டும்.

அப்பீல் போட்ட மாத்திரத்தில் கீழ்க்கோர்ட்டு உத்தரவு நின்று போவதில்லை. தனியாக ஸ்டே கேட்டு வாங்க வேண்டும். "அப்பீலில் இருக்கிறது" என்று சொல்லிக் கொண்டு தடையுத்தரவை மீறினால், சொத்து ஜப்தியும் மூன்று மாதம் வரை சிவில் சிறையும் வரலாம். ஹைக்கோர்ட்டு கொடுத்த ஸ்டே ஆறு மாதத்தில் தானே விழுந்துவிடும் என்று இன்னும் சிலர் சொல்லித் திரிகிறார்கள். 2018-ல் அப்படி ஒரு தீர்ப்பு வந்தது உண்மை. 2024 பிப்ரவரி 29-ந் தேதி ஐந்து நீதிபதிகள் கொண்ட சுப்ரீம் கோர்ட்டு பெஞ்சு அதை மாற்றிவிட்டது.

5. மேல்கோர்ட்டு எதைப் பார்க்கும்?

இனி முக்கியமான விஷயத்துக்கு வருவோம். நம்மவர்கள் அப்பீலை இரண்டாவது நிறுவை என்று நினைக்கிறார்கள். ஒரு தராசில் எடை குறைந்தால் வேறு தராசில் நிறுத்துப் பார்க்கலாம் என்பது வியாபாரியின் எண்ணம். இடைக்கால உத்தரவு விஷயத்தில் மேல்கோர்ட்டு மறுபடியும் சரக்கை நிறுப்பதில்லை. கீழே நிறுத்தவர் தராசைச் சரியாகப் பிடித்தாரா, படிக்கல் சரியானதா என்று மட்டுமே பார்க்கிறது.

1990-ல் வாண்டர் கம்பெனிக்கும் ஆண்டாக்ஸ் கம்பெனிக்கும் நடந்த வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இந்த விதியைச் சொன்னது. அது மருந்து வியாபாரச் சின்னம் பற்றிய வழக்கு. ஆனாலும் நிலத் தாவாக்களிலும் இன்றுவரை அதையே எடுத்துக் காட்டுகிறார்கள். கீழ்க்கோர்ட்டு தன் விவேகத்தின்படி ஒரு முடிவுக்கு வந்திருந்தால், "நானாக இருந்தால் வேறு விதமாக முடிவு செய்திருப்பேன்" என்பதற்காக அப்பீல் கோர்ட்டு அதைப் புரட்டக் கூடாது. கீழ்க்கோர்ட்டு மனம் போன போக்கில் செய்திருந்தால், ஆதாரத்துக்கு நேர் விரோதமாகச் செய்திருந்தால், அல்லது இந்த உத்தரவுகளுக்கென்று ஏற்பட்ட விதிகளைக் கவனியாமல் விட்டிருந்தால் மட்டுமே தலையிடலாம். 227-வது ஷரத்தின் கீழ் ஹைக்கோர்ட்டு இதைவிடவும் எட்டி நிற்கும். கீழ்க்கோர்ட்டு தன் அதிகார எல்லைக்குள் நின்றதா என்பதே அங்கே முதல் கேள்வி.

ஆகவே, அப்பீலில் எடுபடக் கூடிய காரணங்கள் எவை? உத்தரவில் காரணமே சொல்லவில்லை என்பது ஒன்று. கோர்ட்டில் தாக்கலான முக்கியப் பத்திரத்தைப் பார்க்கவே இல்லை என்பது ஒன்று. மூன்று கேள்விகளில் ஒன்றை ஆராயாமல் விட்டது ஒன்று. மனுதாரர் உண்மையை மறைத்தது ஒன்று. எடுபடாத காரணம் எது? "என் பத்திரமும் பலமானதுதான், அவருடையதையே ஏன் நம்பினார்கள்?" என்பது.

6. மூன்று தீர்ப்புகள்

பஞ்சாபில் பரீத்கோட் மகர்வால் கேவாஜி டிரஸ்ட் ஒரு சொத்தைக் கேட்டுத் தாவாப் போட்டது. தாவா முடியும் வரை அந்தச் சொத்தை மாற்றக் கூடாது என்று முதல் கோர்ட்டு இடைக்கால உத்தரவு கொடுத்தது. தாவா முடிய நாளாகும் என்று எண்ணிய அப்பீல் கோர்ட்டு, சில நிபந்தனைகளோடு எதிரி கட்டடம் கட்டிக் கொள்ளவும் விற்கவும் விட்டுவிட்டது. ஹைக்கோர்ட்டும் அதை ஒப்புக் கொண்டது. 2004-ல் சுப்ரீம் கோர்ட்டு இவ்விரண்டையும் ரத்து செய்து, முதல் கோர்ட்டின் உத்தரவை நிலைநிறுத்தியது. என்ன நிபந்தனை போட்டாலும், ஈடு செய்ய முடியாத நஷ்டம் வரும் என்று காட்டினால் ஒழிய, தாவாவில் உள்ள சொத்தின் தன்மையை மாற்ற விடக் கூடாது, கடைசியில் ஜெயிக்கிறவருக்கு அதனால் நஷ்டமும் மேலும் மேலும் வழக்குகளும் வரும் என்று காரணம் சொன்னது. வெறும் நிலத்தை வெறும் நிலமாகவே காப்பாற்றக் கேட்கிறவருக்கு இத்தீர்ப்பு பெரிய துணை.

இரண்டாவது, செங்கல்வராய நாயுடு – ஜகந்நாத் வழக்கு. பாகம் கேட்டுத் தாவாப் போட்டவர், தாம் முன்பே எழுதிக் கொடுத்திருந்த விடுதலைப் பத்திரத்தைப் பற்றிக் கோர்ட்டில் வாய் திறக்கவில்லை. 1993-ல் சுப்ரீம் கோர்ட்டு அது கோர்ட்டையே மோசடி செய்ததாகும் என்று சொல்லி, அவருக்குக் கிடைத்த டிக்ரி செல்லாது என்றது. இது இடைக்கால உத்தரவு அல்ல, டிக்ரி. டிக்ரியே நிற்காது என்றால், உண்மையை மறைத்து வாங்கிய இடைக்கால உத்தரவு எப்படி நிற்கும்? சகோதரிகளின் பங்கைச் சொல்லாமல் மறைத்துவிட்டு முழுச் சொத்துக்கும் தடை கேட்கிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

மூன்றாவது, 2012-ல் மரியா மார்கரிடா வழக்கு. கோவாவில் ஒரு வீடு சகோதரியின் பெயரில் இருந்தது. சகோதரர் அதில் குடியிருந்து கொண்டு, அனுபவம் தம்முடையது என்று தாவாப் போட்டார். காவல்காரர், பராமரிப்பாளர், வேலைக்காரர் ஆகியோர் எத்தனை வருஷம் இருந்தாலும் அந்தச் சொத்தில் அவர்களுக்குப் பாத்தியதை வராது என்று சுப்ரீம் கோர்ட்டு சொன்னது. ஊரில் உறவினரையோ தெரிந்தவரையோ வீட்டில் வைத்துவிட்டு வந்திருக்கும் நம்மவர்களுக்கு இது ஆறுதலான தீர்ப்பு. ஆனால் அவர் பராமரிப்பாளர்தான் என்பதை நாம் காட்ட வேண்டுமே! அதற்கு ஒரு துண்டு எழுத்தாவது வேண்டும்.

7. நாம் செய்ய வேண்டியவை

மேலே சொன்னதிலிருந்து ஒன்று தெளிவாகிறது. முதல் கோர்ட்டில் முதல் விசாரணையில் நாம் எதைக் காட்டுகிறோமோ அதை வைத்துத்தான் மேல்கோர்ட்டு பார்க்கும். கீழே காட்டாத பத்திரத்தை மேலே காட்டப் போனால், ஏன் அப்போதே காட்டவில்லை என்ற கேள்விக்கு முதலில் பதில் சொல்ல வேண்டும். ஆகவே வேலையெல்லாம் முன்னாலேயே செய்து வைக்க வேண்டியது.

(அ) மூலப் பத்திரம், தாய்ப் பத்திரம், பட்டா, சிட்டா, வரி ரசீதுகள், வில்லங்கச் சான்று ஆகியவற்றின் நகல் ஒரு கட்டு இங்கேயும் ஒரு கட்டு ஊரில் நம்பிக்கையானவரிடமும் இருக்கட்டும். பட்டா மட்டுமே சொத்துரிமையைக் காட்டிவிடாது. பத்திரமும் வேண்டும், அனுபவத்தைக் காட்டும் ரசீதுகளும் வேண்டும். வில்லங்கச் சான்றை வருஷம் ஒரு முறை போட்டுப் பாருங்கள். கடையில் வருஷக் கணக்கு முடிக்கும் நாளிலேயே இதையும் செய்தால் மறக்காது.

(ஆ) தாவா வரும் என்று சந்தேகம் இருந்தால் 148-ஏ பிரிவின்படி கேவியட் மனுப் போட்டு வையுங்கள். போட்டிருந்தால் நமக்கு நோட்டீசு கொடுக்காமல் அந்தக் கோர்ட்டு இடைக்கால உத்தரவு போட முடியாது. அது தொண்ணூறு நாள்தான் செல்லும். பிறகு புதிதாகப் போட வேண்டும். நம் கையில் உத்தரவு இருந்து எதிரி அப்பீல் போவார் என்று தோன்றினாலும் மேல்கோர்ட்டிலும் கேவியட் போடலாம்.

(இ) பவர் பத்திரம் எழுதும்போது அவசரப்பட வேண்டாம். கோர்ட்டில் ஆஜராகவும், மனுவில் கையெழுத்திடவும், அப்பீல் போடவும் அதிகாரம் கொடுத்தால் போதும் என்றால் விற்கும் அதிகாரத்தைச் சேர்க்காதீர்கள். நோட்டரி முன்னிலையிலோ இந்திய ஹைகமிஷனிலோ அத்தாட்சி வாங்குங்கள். பத்திரம் இந்தியா போய்ச் சேர்ந்த மூன்று மாதத்துக்குள் முத்திரைக் கட்டணம் கட்டிவிட வேண்டும். இன்னொன்று: உங்களுக்கு மட்டுமே நேரில் தெரிந்த சங்கதிக்கு, உங்களுக்குப் பதிலாகப் பவர் ஏஜெண்டு சாட்சி சொல்ல முடியாது. 2004-ல் சுப்ரீம் கோர்ட்டு இதைத் தீர்த்துச் சொல்லியிருக்கிறது. சாட்சிக் கூண்டுக்கு ஒரு நாள் நீங்கள் போகத்தான் வேண்டும்.

(ஈ) ஊரிலிருந்து உத்தரவு பற்றிய செய்தி வந்தால், உத்தரவு ஆன தேதியை எழுதி வைத்துக் கொள்ளுங்கள். அந்தத் தேதியிலிருந்துதான் முப்பது நாள் ஓடுகிறது. உத்தரவின் சான்று நகலுக்கு அன்றே மனுப் போடச் சொல்லுங்கள். நகலை வாட்சப்பில் வாங்கிப் படியுங்கள். காரணம் எழுதியிருக்கிறதா, நம் பத்திரங்களைக் குறிப்பிட்டிருக்கிறதா, நகல்களை நமக்கு அனுப்பினார்களா என்று பாருங்கள். பிறகு வக்கீலிடம் கேட்க வேண்டிய கேள்வி, "ஜெயிப்போமா?" என்பதல்ல. "இந்த உத்தரவில் மேல்கோர்ட்டு தலையிடும்படியான குறை எது? அதே கோர்ட்டில் ரத்து மனுப் போடுவதா, அப்பீல் போவதா, எது நல்லது?" என்று கேளுங்கள். நேரான பதில் கிடைக்காவிட்டால் செலவு செய்யுமுன் யோசியுங்கள்.

(உ) உத்தரவு பாதகமாக இருந்தாலும் மீறாதீர்கள். ஊரில் இருக்கும் பிள்ளைகளை ஆள் சேர்த்துக் கொண்டு வேலியைப் பிடுங்கப் போக விடாதீர்கள். மேல்கோர்ட்டு நடத்தையையும் பார்க்கும். நியாயம் நம் பக்கம் இருந்தும், கைநீட்டியதால் அது கெட்டுப் போகும்.

(ஊ) குறையில்லாத உத்தரவின்மேல் அப்பீல், அதன்மேல் 227, அதன்மேல் டில்லி என்று ஏறிக் கொண்டே போவதைவிட, தாவாவையே சீக்கிரம் விசாரித்து முடிக்கும்படி கேட்பது பல சமயம் மேல். இடைக்கால உத்தரவைப் பற்றியே பல வருஷம் சண்டை போட்டுவிட்டு, அசல் தாவாவில் ஒரு சாட்சியும் விசாரிக்கப்படாமல் நிற்பதால் யாருக்கு என்ன பயன்?

சகோதரர்களே! கடையில் சரக்கு வந்து இறங்கும்போதே எண்ணிப் பார்த்து வாங்குகிறோம். லாரி போன பிறகு மூட்டை குறைந்தது என்றால் யார் கேட்பார்கள்? ஊரில் இருக்கும் நிலத்துக்கும் அதே கவனத்தைக் கொடுப்போம். இந்த வாரமே உங்கள் பத்திரக் கட்டை எடுத்து வைத்து, எது இருக்கிறது, எது இல்லை என்று ஒரு ஜாபிதா எழுதுங்கள். இல்லாதவற்றின் நகலுக்கு ஊருக்கு எழுதிப் போடுங்கள்.